எந்த ஊர்க் கட்டி? பழைய எடைகளோடு பட்ட அனுபவங்கள்

பேராக்

பாட்டியின் பலகார நோட்டு சென்ற தீபாவளிக்கு இரண்டு வாரம் முன்பு என் கைக்கு வந்தது. தோட்டத்துப் பள்ளிக்கூட நோட்டு, பச்சை மை, பக்கத்துக்குப் பக்கம் எண்ணெய்க் கறை. முறுக்குக்கு அவர் எழுதியிருந்தது இவ்வளவுதான்: "பச்சரிசி மாவு 2 கட்டி, உளுந்து மாவு 6 தாயில், வெண்ணெய் 2 தாயில், ஓமம் கைக்குக் கொஞ்சம்."

கட்டியும் தாயிலும் சின்ன வயதில் காதில் விழுந்த பழைய எடைப் பெயர்கள்தான். ஆனால் நான் நிறுத்துப் பழகியதெல்லாம் கிலோவில். கைப்பேசியில் தேடினேன். கட்டி 500 கிராம், தாயில் 50 கிராம் என்று வந்தது. அப்படியே 1 கிலோ அரிசி மாவு, 300 கிராம் உளுந்து மாவு, 100 கிராம் வெண்ணெய் எடுத்துப் பிசைந்தேன். பிழியும்போதே மாவு ஒரு மாதிரி இருந்தது. முறுக்கு எண்ணெயைக் குடித்தது, சீக்கிரம் சிவந்தது, மறுநாளே நமுத்துப்போனது. அப்பா ஒன்றை எடுத்துக் கடித்துவிட்டு, "இது எங்கம்மா முறுக்கு இல்லையேம்மா" என்றார். எனக்கு அழுகையே வந்துவிட்டது. பாட்டி போய்ப் பதினோரு வருடமாகிறது. அந்த ருசியை ஒருநாளாவது திரும்பக் கொண்டுவந்துவிடலாம் என்று நினைத்திருந்தேன்.

நோட்டை வாங்கிப் பார்த்த அப்பா, "எந்த ஊர்க் கட்டியில் போட்டே?" என்று கேட்டார். கட்டிக்கு ஊர் உண்டு என்பது எனக்கு அன்றைக்குத்தான் தெரியும்.

நான் எடுத்தது இன்றைய சீனத்துக் கட்டி. அங்கே ஒரு கட்டி 500 கிராம். 1959இல் அதைப் பதினாறு பங்கிலிருந்து பத்துப் பங்காக மாற்றிவிட்டார்கள், அதனால் தாயில் 50 கிராம். மலாயாவிலும் சிங்கப்பூரிலும் புழங்கிய கட்டி வேறு. அது 604.79 கிராம், பதினாறு தாயில் கொண்டது, தாயில் 37.8 கிராம். அப்படியானால் பாட்டியின் அரிசி மாவு 1 கிலோ 210 கிராம், உளுந்து மாவு 227 கிராம், வெண்ணெய் 76 கிராம். நான் அரிசியைக் குறைத்து உளுந்தைக் கூட்டியிருக்கிறேன். இரண்டும் ஒரே விகிதத்தில் குறைந்திருந்தால் பலகாரம் குறைந்திருக்குமே தவிர பக்குவம் கெட்டிருக்காது.

604.79 என்ற எண் எங்கிருந்து வந்தது என்றும் அப்பாவே சொன்னார். வெள்ளைக்காரர்கள் இங்கே கட்டியை ராத்தலோடு, அதாவது பவுண்டோடு, பிணைத்து வைத்தார்கள். 3 கட்டிக்கு 4 ராத்தல், 12 தாயிலுக்கு 1 ராத்தல். 100 கட்டி ஒரு பிக்கல், அதாவது 60 கிலோவும் கிட்டத்தட்ட அரைக் கிலோவும். 40 பிக்கல் ஒரு கோயான். தோட்டத்தில் ராத்தல், சீனத்துக் கடையில் கட்டி, ரப்பர் வியாபாரியிடம் பிக்கல் என்று ஒரே நாளில் மூன்றையும் மனக்கணக்கில் மாற்றிக்கொண்டிருந்தவர்கள் பாட்டி காலத்து ஆட்கள். ஆறாம் வகுப்போடு நின்ற பாட்டிக்குத் தாயிலை ராத்தலாக்கக் காகிதம் தேவைப்பட்டதில்லையாம். (கட்டிப்பால் என்பதைக் கட்டிக் கணக்கில் விற்கும் பால் என்றுதான் வெகுநாள் நினைத்திருந்தேன். அது கோப்பையில் உறைந்து கட்டியாகிப்போன ரப்பர் பால். எடைக்கும் அந்தப் பெயருக்கும் சம்பந்தமில்லை.)

மலேசியாவில் எடை அளவுச் சட்டம் 1972இல் வந்தது. அப்புறம் கொஞ்சம் கொஞ்சமாகக் கிலோ புகுந்தது. அந்தச் சமயத்தில் அப்பா கைக்கொண்ட வழி இது: 5 கட்டியை 3 கிலோ என்று வைத்துக்கொள். சரியாகப் பார்த்தால் 3 கிலோ 24 கிராம். சந்தைக்கு இது போதும்.

உங்களுக்கும் இப்படி நடந்திருந்தால் எழுதுங்கள். தாத்தா பாட்டி நோட்டு வைத்திருப்பவர்கள் அவசியம் எழுத வேண்டும்.

சிங்கப்பூர்

அக்கா, உங்கள் அப்பாவின் 5க்கு 3 கணக்கு எனக்கு முன்பே தெரிந்திருந்தால் போன மாதம் ஏமாந்திருக்க மாட்டேன்.

ஈரச்சந்தையில் காய்ந்த இறால் கேட்டேன். "கட்டி பதினெட்டு வெள்ளி" என்றார் கடைக்கார அம்மா. (வெள்ளி என்றால் எங்கள் ஊர் டாலர்.) பேரங்காடியில் கிலோ 28 வெள்ளி என்று பார்த்த நினைவு. பதினெட்டு எங்கே, இருபத்தெட்டு எங்கே என்று இரண்டு கட்டி போடச் சொன்னேன். மின் தராசில் 1.210 என்று ஓடியது. வீட்டுக்கு வந்து வகுத்துப் பார்த்தால் கிலோவுக்கு 30 வெள்ளி வருகிறது. அந்த அம்மா மேல் தப்பே இல்லை, சொன்ன எடையைச் சுத்தமாகப் போட்டுத்தான் கொடுத்தார். தராசு கிலோவுக்கு மாறி எத்தனையோ வருடமாகிவிட்டது. வாயில் மட்டும் இன்னும் கட்டிதான்.

இறாலில் போனது இரண்டு மூன்று வெள்ளி. மருந்தில் அப்படி விட முடியாது. பிள்ளை பெற்ற புதிதில் என் மாமியார் சீன மருந்துக் கடையில் மூலிகை வாங்கப் போனார், நானும் கூடப் போனேன். கடைக்காரர் பென்சில் கனத்தில் ஒரு கோலை எடுத்து, சின்னத் தட்டில் வேரைச் சீவிப் போட்டு, நூலில் தொங்கிய குண்டை நகத்தால் தள்ளித் தள்ளி நிறுத்தார். அவர் சொன்னதெல்லாம் "ச்சி" கணக்கில்தான். பத்து ச்சி ஒரு தாயில், ஆக ஒரு ச்சி 3.78 கிராம். மாமியாரின் கையில் இருந்ததோ சீனாவில் அச்சான ஒரு புத்தகத்திலிருந்து எழுதி வந்த சீட்டு. கடைக்காரர் அதை வாங்கிப் பார்த்து, இது எந்த ஊர்ப் புத்தகம் என்றுதான் முதலில் கேட்டார். பிறகு எல்லாவற்றையும் கிராமில் எழுதிக் கொடுத்தார். உங்கள் அப்பா கேட்ட அதே கேள்வி! மருந்து வாங்கப் போகிறவர்கள் தயவுசெய்து கிராமில் எழுதி வாங்குங்கள். வாயால் கேட்ட ச்சியை நம்பி வீட்டில் நிறுக்காதீர்கள்.

கெடா

எங்கள் பக்கத்தில் கட்டியைவிடப் பெரிய குழப்பம் தங்கத்தில்தான். எல்லை தாண்டினால் தாய்லாந்தின் ஹட்யாய். அங்கே தங்கத்தின் எடைக்குப் பெயர் பாட். அவர்கள் நாணயத்தின் பெயரும் அதுதான். நான்கு சலுங் சேர்ந்தால் ஒரு பாட்.

என் சித்தப்பா தன் மகள் கல்யாணத்துக்கு ஹட்யாயில் ஒரு பாட் சங்கிலி எடுத்தார். "ஒரு பாட் என்றால் ரெண்டு பவுன்" என்று யாரோ சொல்லி அனுப்பியிருந்தார்கள். ஊருக்கு வந்து நம் ஆசாரியிடம் நிறுத்தால் 15.1 கிராம். ரெண்டு பவுன் 16 கிராம் ஆயிற்றே, முக்கால் கிராமுக்கு மேல் குறைகிறதே என்று வீட்டில் ஒரே சண்டை. சித்தி இரண்டு நாள் சரியாகச் சாப்பிடவில்லை. கல்யாண வீட்டில் அந்தப் பேச்சு எப்படிப் போயிருக்கும் என்று உங்களுக்கே தெரியும்.

நான் உட்கார்ந்து கணக்குப் போட்டேன். தாய்லாந்தில் நகைக்கு ஒரு பாட் 15.16 கிராம், பாளமாக விற்கும் தங்கத்துக்கு 15.244 கிராம். இது முதல் விஷயம். முக்கியமானது இரண்டாவது. அங்கே தங்கத்தின் தரம் 96.5 சதவீதம். நாம் இங்கே போடுவது 916, அதாவது 91.6 சதவீதம். 15.16 கிராமில் சுத்தத் தங்கம் 14.63 கிராம். நம் ரெண்டு பவுனில், 16 கிராமுக்கு, 14.66 கிராம். வித்தியாசம் ஒரு அரிசி எடை இருக்குமா? சொல்லி அனுப்பியவர் சொன்னது சரிதான். அவர் தங்கத்தைச் சொன்னார், வீட்டில் எடையைப் பார்த்தார்கள். காகிதத்தில் எழுதிக் காட்டிய பிறகுதான் சித்தி அந்தச் சங்கிலியைத் தொட்டார்.

ஒரு பின்குறிப்பு. என்னோடு வேலை செய்யும் வியட்நாம்காரர் ஒருவர் தன் மனைவிக்கு "ரெண்டு ச்சி" மோதிரம் வாங்கியதாகச் சொன்னார். அவர்கள் ஊர் ச்சி 3.75 கிராம். சிங்கப்பூர்த் தங்கை சொன்ன மருந்துக்கடை ச்சிக்கு மிக அருகில் வருகிறது, ஆனால் அதே இல்லை.

சென்னை

நான் பிறந்தது ரங்கூன். அறுபதுகளில் கப்பலில் வந்து இறங்கிய குடும்பம். ஐந்து வருடம் முன்பு அதே ரங்கூனுக்கு (இப்போது யாங்கோன்) போய், நாங்கள் இருந்த தெருவைப் பார்த்துவிட்டு, பக்கத்துச் சந்தையில் நுழைந்தேன். வெங்காயக் கடையில் ஒரு பெண் "பெய்த்தா" என்று விலை சொன்னாள். அம்மா சொல்லும் அதே சொல். அங்கேயே நின்றுவிட்டேன்.

அது வேறொன்றுமில்லை, நம் வீசை. தமிழ்ச் சொல்தான் கடல் தாண்டிப் போய்ப் பர்மிய நாக்கில் அப்படி ஆகியிருக்கிறது என்பார்கள். சொல் ஒன்றானாலும் எடை ஒன்றல்ல. பழைய சென்னை மாகாணத்து வீசை 40 பலம், கிட்டத்தட்ட 1 கிலோ 400 கிராம். எட்டு வீசை ஒரு மணங்கு. பர்மா வீசை 1 கிலோ 633 கிராம், அதை நூறாகப் பிரித்தால் ஒரு சா, அதாவது 16.33 கிராம். இறைச்சி, மீன் எல்லாம் இன்றும் இருபத்தைந்து சா, ஐம்பது சா என்று கேட்டு வாங்குகிறார்கள். நான் கால் வீசை சின்ன வெங்காயம் கேட்டேன். 400 கிராமுக்குச் சற்று மேலே வந்தது.

இங்கே வந்த புதிதில் அம்மாவுக்கும் பக்கத்து வீட்டு அக்காவுக்கும் புளியில் ஒரு மனத்தாங்கல். "ஒரு வீசை கேட்டேன், குறைச்சுக் கொடுத்துட்டா" என்று அம்மா. "முழு வீசைதான்" என்று அந்த அக்கா. இருவர் சொன்னதும் உண்மை. 200 கிராமுக்கு மேல் இடைவெளி. அதை எடுத்துச் சொல்ல அப்போது எங்கள் தெருவில் யாருமில்லை. அகதியாக வந்தவர்களை ஏய்க்கிறார்கள் என்று அம்மா கடைசிவரை நம்பினார். அந்த வருத்தம் எனக்கு இன்றும் உண்டு.

பேராக்

ஐயா, உங்கள் அம்மாவின் புளிக் கதையை அப்பாவிடம் வாசித்துக் காட்டினேன். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். அப்புறம் எழுந்து போய்ப் பரண் மேலிருந்து பாட்டியின் டாச்சிங்கை எடுத்து வந்தார். நம் ஊரில் வெள்ளிக்கோல் என்பார்களே, அதே வகை. கறுத்துப்போன மரக்கோல், பித்தளைப் புள்ளிகள் வரிசையாகப் பதித்திருக்கிறது. பிடித்துத் தூக்க இரண்டு கயிறு. ஒன்றைப் பிடித்தால் சின்ன எடை, கோலைப் புரட்டி மற்றதைப் பிடித்தால் பெரிய எடை, இரண்டுக்கும் வேறு வேறு புள்ளி வரிசை. தட்டு இருக்கிறது, சங்கிலி இருக்கிறது. தொங்கவிடும் கல் மட்டும் இல்லை. பழைய சாமான் கடையில் ஒரு கல் வாங்கி மாட்டினேன். 1 கிலோ சீனி பாக்கெட்டை வைத்தால் 2 கட்டிக்கு மேல் காட்டுகிறது.

முறுக்கைச் சரியான அளவில் மறுபடி சுட்டாயிற்று, அப்பா நான்கு தின்றார். இனி இந்தக் கோலிலேயே நிறுத்துச் சுட வேண்டும் என்று ஆசை. யாருக்காவது வழி தெரியுமா?

கிள்ளான்

தங்கச்சி, வேறொரு கோலின் கல் இதற்குச் சேராது. ஒவ்வொரு கோலும் தன் கல்லோடு சேர்த்துப் புள்ளி வைத்தது. என் அப்பா மளிகைக் கடையில் நாற்பது வருடம் டாச்சிங் பிடித்தவர், அவரோடு நின்று கற்றுக்கொண்டது இது.

தட்டும் சங்கிலியும் பழசேதான் என்றால் கல்லை நீங்களே செய்துவிடலாம். சின்ன எடைக்கான கயிற்றைப் பிடித்துக் கோலைத் தூக்குங்கள். தட்டைக் காலியாக விடுங்கள். தடித்த துணியில் சின்னப் பை தைத்து, நூல் கட்டி, முதல் புள்ளியில் தொங்கவிடுங்கள். பெரும்பாலும் அதுதான் சுழி (பூஜ்யம்). கோல் மட்டமாக நிற்கும்வரை பையில் காய்ந்த மணலைப் போடுங்கள். ஈர மணல் வேண்டாம், காயக் காய எடை குறையும்.

அப்புறம் சோதனை. லேசான பிளாஸ்டிக் பையில் 605 மில்லி தண்ணீர் பிடியுங்கள், அது ஒரு கட்டி. தட்டில் வைத்து மணல் பையை ஒரு கட்டிப் புள்ளிக்கு நகர்த்துங்கள். கோல் மட்டமாக நின்றால் பாட்டியின் கணக்கு வந்துவிட்டது. நிற்காவிட்டால் முதல் புள்ளி சுழியாக இல்லாமல் இருக்கலாம், அல்லது தட்டையோ சங்கிலியையோ இடையில் யாரோ மாற்றியிருக்கலாம். அப்பாவிடம் கேளுங்கள், அவருக்கு ஞாபகம் இருக்கலாம்.