மேளகர்த்தா காலண்டர்: ஒரு அப்டேட்

போன தடவை என் கற்பனை உலகத்துக்கு ஒரு காலண்டர் போட்டிருந்தேன்ல, 72 மேளகர்த்தா (கர்நாடக சங்கீதத்துல மத்த ராகங்களுக்கெல்லாம் தாய் ராகங்கள்), ஒவ்வொண்ணுக்கும் 5 நாள், மொத்தம் 360, மீதி 5 நாள் யாரும் வாத்தியம் தொடக்கூடாதுன்னு. அதுல ஒருத்தர் நிலா எங்கப்பான்னு கேட்டார், நியாயமான கேள்வி, பௌர்ணமிக்கு பௌர்ணமி சுமார் 29.53 நாள், 12 மாசம் கூட்டினா 354 தான் வருது, வருஷத்துக்கு கிட்டத்தட்ட 11 நாள் இடிக்குது. ரெண்டு நாள் மண்டைய உடைச்சேன். கடைசில பார்த்தா 19 வருஷத்துக்கு 235 சந்திர மாசம், அதாவது வருஷத்துக்கு 12-ன்னு வர்ற 228-ஐ விட 7 மாசம் எக்ஸ்ட்ரா. ஏழு! அப்புறம் என்ன, அந்த ஏழு மாசத்துக்கும் ஸ ரி க ம ப த நி-ன்னே பேர் வெச்சுட்டேன் 😄

இன்னொண்ணு, இது எனக்கு ரொம்ப பிடிச்சது. 36-ஆவது ராகம் தாண்டினா சுத்த மத்யமம் (கீழ் 'ம') பிரதி மத்யமமா (மேல் 'ம') மாறுது இல்லயா, அதனால 180-ஆம் நாள் ராத்திரி கோபுரத்துல ஏறி அங்க இருக்கிற ஏழு ஸ்வர மணில 'ம' மணிய மட்டும் கழட்டி மாத்துறாங்க, மத்த ஆறும் அப்படியே. சங்கராபரணத்துல (29-ஆவது ராகம்) பிறந்த குழந்தைக்கு சரியா 180 நாள் கழிச்சு கல்யாணில (65) பேர் வைப்பாங்க.

லீப் வருஷம் இன்னும் யோசிக்கல, ஆறாவது மௌன நாள்னு தள்ளிடலாம்னு இருக்கேன்.