மாஸ்டரின் அரை மணிக் கொள்கை

1996 இல் நான் வெள்ளவத்தையில் உயர்தரம் படித்துக்கொண்டிருந்தேன். மழை பொய்த்து நீர்த்தேக்கங்கள் வற்றிப்போனதால் ஒரே மின்வெட்டு. பகல் வெளிச்சத்தை மிச்சம் பிடிக்கவென்று மே 25 ஆம் திகதி அரசாங்கம் நேரத்தை ஒரு மணித்தியாலம் முன்னுக்குத் தள்ளியது. பிள்ளைகள் இருட்டோடு பள்ளிக்கூடம் போகவேண்டி வந்தது. ஆட்கள் புறுபுறுத்தார்கள். ஒக்டோபர் 26 இல் அரை மணியைத் திருப்பித் தந்தார்கள். மற்ற அரை மணி வந்துசேர 2006 ஏப்ரல் 15 ஆனது.

அந்த மற்ற அரை மணியைத்தான் எங்கள் பௌதிகவியல் ரியூசன் மாஸ்டர் பிடித்துக்கொண்டார்.

அவருடைய கொள்கைப்படி, சக்தியைப் போலவே காலத்தையும் ஆக்கவும் முடியாது, அழிக்கவும் முடியாது. ஒரு மணியை எடுத்துவிட்டு அரை மணியைத்தான் கொடுத்தார்கள் என்றால் மிச்சம் எங்கேயோ கிடக்க வேண்டும். அது சேலைக் கொசுவம் மாதிரிக் கொழும்புக்குள் மடிந்து கிடக்கிறது. கவனமில்லாமல் நடக்கிறவன் அதற்குள் விழுந்து எழும்புவான்.

பகிடி என்று நினைக்காதீர்கள், கரும்பலகையில் படமெல்லாம் கீறுவார். முதலில் 1971 பரிசோதனையைச் சொல்லுவார். சீசியம் அணுக்கடிகாரங்களைப் பயணிகள் விமானத்தில் ஏற்றி உலகத்தைச் சுற்றினார்கள். தரையில் இருந்த கடிகாரத்தோடு ஒப்பிட்டால் கிழக்கே போனவை சற்றுப் பிந்தின, மேற்கே போனவை முந்தின. வித்தியாசம் நனோசெக்கன் கணக்கில்தான். அதுவரை எல்லாம் சரியான பௌதிகவியல். "அப்ப காலம் எல்லாருக்கும் ஒரே மாதிரி ஓடாது எண்டு ஒத்துக்கொள்ளுறீங்கள்தானே?" என்று கேட்டுவிட்டு ஒரே பாய்ச்சலில் கொசுவத்துக்கு வந்துவிடுவார். கள்ளம் அந்தப் பாய்ச்சலில்தான் இருந்தது. விமானத்தில் காலமே வேறு விதமாக ஓடியது. அரசாங்கமோ மணியின் பெயரை மட்டும்தான் மாற்றியது. இதையெல்லாம் இப்போது சொல்கிறேன், அன்றைக்கு வாயைப் பிளந்துகொண்டுதான் கேட்டேன்.

எங்கள் வீட்டிலேயே இரண்டு மணிக்கூடு ஓடியது. பஞ்சாங்கத்துக்கு ஒன்று, பஸ்ஸுக்கு ஒன்று. அம்மம்மா பழைய நேரத்தை விட்டுக்கொடுக்கவே இல்லை, அதுதான் "உண்மை நேரம்" என்பார். (அதுவும் 1906 இல் வந்த புதுநேரம்தான். அதற்கு முதல் கொழும்பு தன் சூரியனைப் பார்த்தே மணி வைத்தது, பத்து நிமிடத்துக்கு மேல் வித்தியாசம். அம்மம்மாவிடம் இதைச் சொல்லும் துணிவு எனக்கு வரவில்லை.)

ஒருநாள் பின்னேரம் ஆறு மணிக்குக் காலி வீதி பஸ் தரிப்பில் சந்திப்பதாக ஒரு கூட்டாளியோடு பேசியிருந்தேன். இருபது நிமிடம் நின்று பார்த்துவிட்டு வந்துவிட்டேன். அடுத்த நாள் அவனும் அதையே சொன்னான்: ஆறு மணிக்கு வந்தானாம், இருபது நிமிடம் நின்றானாம், என்னைக் காணவில்லையாம். சத்தியம் வேறு பண்ணினான். அவர்கள் வீட்டு மணிக்கூடு பழைய நேரத்தில் ஓடுவது பிறகுதான் தெரிந்தது. மாஸ்டருக்கு அந்த விளக்கம் பிடிக்கவில்லை. "ரெண்டு பேரும் ஒரே இடத்திலதான் நிண்டனீங்கள். நடுவில மடிப்பு" என்றார்.

2003 இல் ஏ9 பாதையால் யாழ்ப்பாணம் போனேன். புலிகளின் பகுதியில் அந்தப் புதிய நேரத்தை ஏற்கவே இல்லை. முறிகண்டியில் கச்சான் வாங்கும்போது கடைக்காரரிடம் மணி கேட்டேன், பதினொன்று என்றார். என் கையில் பதினொன்றரை. ஒரே தீவு, ஒரே வெயில். திரும்பி வந்து மாஸ்டரிடம் சொன்னேன். "அங்க ஆரும் மடிக்கேல்லை, அதால விரிக்கவும் தேவையில்லை" என்றார். அன்று எனக்குச் சிரிப்பு வரவில்லை.

கடைசிச் சம்பவம் 2006 இல், நேரம் திரும்பி வந்த அந்த இரவு. பன்னிரண்டரைக்கு மணிக்கூட்டைத் திருப்பிப் பன்னிரண்டு ஆக்கவேண்டும். எங்களோடு படித்த ஒருவன் அப்போது கொள்ளுப்பிட்டியில் ஒரு விடுதிக் கேற்றில் இராக் கடமை. சொன்னபடி சரியாகத் திருப்பியிருக்கிறான். ஆனால் பதிவேட்டில் ஒரு கார் உள்ளே வந்தது 12.20, வெளியே போனது 12.05 என்று விழுந்துவிட்டது. காலையில் மேலதிகாரி அவனிடம் விளக்கக் கடிதம் கேட்டார். மூன்று வரி எழுதிக் கொடுத்தானாம், அவர் நம்பவில்லையாம்.

அடுத்த ஞாயிறு நாங்கள் இருவரும் மாஸ்டரைப் பார்க்கப் போனோம். தலை முழுக்க நரைத்துவிட்டது, ரியூசனும் விட்டுவிட்டார். அவன் பதிவேட்டில் விழுந்த அந்த வரியைத் தாளில் எழுதிக் கொண்டுவந்திருந்தான். மாஸ்டர் கண்ணாடியைப் போட்டு இரண்டு தரம் வாசித்தார். நாங்கள் பெரிதாக ஏதோ சொல்லப்போகிறார் என்று காத்திருந்தோம்.

"கார்க்காரன் போகேக்க என்னவும் சொன்னவனோ?" என்று கேட்டார்.