டெய்சி டக் குரலில் மாதவிடாய்ப் பாடம்: எட்டாம் வகுப்புக்குப் போடலாமா?

கண்டனூர் டீச்சர்:
காரைக்குடி பக்கம் ஒரு நடுநிலைப் பள்ளியில் வேலை பார்க்கிறேன். போன மாசம் எட்டாம் வகுப்புப் பிள்ளை ஒருத்தி பள்ளிக்கூடத்திலேயே வயதுக்கு வந்துவிட்டாள், உள்ளே ஏதோ அறுந்துவிட்டது, செத்துப்போய்விடுவேனா டீச்சர் என்று என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள். பத்து நாள் கழித்துப் பார்த்தால் அவள் தெருமுனையில் பிளெக்ஸ், மைக் செட், தாய்மாமன் சீர்த்தட்டு வரிசை. ஊருக்கெல்லாம் சொன்னார்கள், அவளிடம்தான் முன்னாடி யாரும் சொல்லியிருக்கவில்லை.

அதனால் பிள்ளைகளுக்குக் காட்ட ஏதாவது கிடைக்குமா என்று தேடினேன். டிஸ்னி 1946இல் எடுத்த 'தி ஸ்டோரி ஆஃப் மென்ஸ்ட்ருவேஷன்' கிடைத்தது. கார்ட்டூன், பத்தே நிமிடம். அதில் பேசுகிற பெண் குரல் பதறாமல், கூச்சப்படாமல், பக்கத்து வீட்டு அக்கா சொல்வது போல இருக்கிறது. யார் அது? இவ்வளவு பழைய படத்தை இன்றைக்குப் போடலாமா?

டூரிங் டாக்கீஸ்:
குளோரியா பிளாண்டெல், டீச்சர். 1930களில் ஹாலிவுட்டில் பெரிய நடிகையாக இருந்த ஜோன் பிளாண்டெலின் தங்கை. இவரும் நடிகைதான், ஆனால் அக்கா அளவுக்குப் பேர் கிடைக்கவில்லை. 'லைஃப் ஆஃப் ரைலி' தொலைக்காட்சித் தொடரில் ஹனிபீ கில்லிஸாக வந்தார், டிஸ்னியின் பெண் வாத்து கார்ட்டூனான டெய்சி டக்குக்கும் சில வருஷம் குரல் கொடுத்தார் (வாத்துக் குரல் இல்லை, சாதாரணப் பெண் குரல்). ஜேம்ஸ் பாண்ட் படங்களைத் தயாரித்த ஆல்பர்ட் பிராக்கோலி இவருடைய முதல் கணவர், இது உங்கள் கேள்விக்குச் சம்பந்தமில்லை, சொல்லாமல் இருக்க முடியவில்லை! கடைசியில் பார்த்தால் அமெரிக்காவில் தலைமுறை தலைமுறையாகப் பள்ளிக்கூடப் பெண்கள் கேட்டது, படத்தில் பேர்கூடப் போடாத இந்தப் பத்து நிமிடக் குரலைத்தான். 2015இல் அமெரிக்க நாடாளுமன்ற நூலகம் பாதுகாக்க வேண்டிய படங்களின் பட்டியலில் இதைச் சேர்த்தது.

தேவகோட்டை ஆச்சி:
படத்தைப் பார்த்தேன். கோட்டெக்ஸ் நாப்கின் விற்கிற கம்பெனி காசு கொடுத்து எடுக்க வைத்தது, அதை மறக்க வேண்டாம். ரத்தத்தை வெள்ளையாகக் காட்டுகிறார்கள். நம் ஊர் விளம்பரத்தில் நீலம், அங்கே வெள்ளை, சிவப்பைக் காட்ட மட்டும் எல்லாருக்கும் பயம். உங்கள் பிள்ளை பயந்ததே சிவப்பைப் பார்த்துத்தானே?

அப்புறம், அழாதே, சிரித்த முகமாக இரு என்று ஒரு உபதேசம் வருகிறது, எனக்கு எரிச்சலாக இருந்தது. வயிறு வலிக்கிறவளிடம் போய்ச் சிரி என்றால்? ஆனால் ஒன்று சொல்ல வேண்டும். குளிக்கலாம், உடற்பயிற்சி செய்யலாம் என்று அந்தப் படம் 1946இலேயே சொல்லிவிட்டது. நான் ஆளானது 1979இல். வளவில், அதாவது வீட்டு நடு முற்றத்துப் பக்கம், காலே வைக்கக் கூடாது, இரண்டாங்கட்டுக்குப் பின்னால் ஒரு அறை, தனித் தட்டு, தனிப் பாய், மூன்றாம் நாள் வரைக்கும் தலையில் தண்ணீர் கிடையாது. அத்தனை பெரிய வீட்டில் எனக்கு இருந்த இடம் ஒரு பாய் அகலம். ஆயா, என் பாட்டி, செய்து கொடுத்த உளுந்தங்களியும் நல்லெண்ணெயும் மட்டும்தான் நல்ல ஞாபகம், அதைக் குறை சொல்ல மாட்டேன்.

பள்ளத்தூர் செவிலி:
போடுங்க டீச்சர், சத்தத்தை நிறுத்திவிட்டு நீங்களே தமிழில் பேசுங்கள். அந்த அம்மா குரல் எவ்வளவு நன்றாக இருந்தாலும் இங்கிலீஷ்தானே, பிள்ளைகளுக்கு உங்கள் குரல் வேண்டும். வெள்ளையாக வருகிற இடத்தில் நிறுத்தி, நிஜத்தில் சிவப்பு, பழுப்பாகவும் வரும், ஆரம்பத்தில் மாதம் தவறி வருவதும் சகஜம் என்று சொல்லிவிடுங்கள். நாப்கினைக் கையில் கொடுத்துப் பிரிக்கச் சொல்லுங்கள். ஒரு மணி நேரத்துக்கு ஒரு நாப்கின் நனைந்தாலோ, ஏழெட்டு நாளுக்கு மேல் போனாலோ ஆஸ்பத்திரிக்கு வரச் சொல்லுங்கள். பையன்களுக்கும் தனியாக ஒரு நாள் போட்டால் நல்லது, கேலி செய்வது அவர்கள்தான்.

கண்டனூர் டீச்சர்:
வெள்ளிக்கிழமை போட்டேன், சத்தத்தை நிறுத்திவிட்டுத்தான். ஆச்சி, அந்தச் சிரிப்பு உபதேசத்தை நான் சொல்லவே இல்லை. நாப்கின் பிரிக்கும்போது ஒரே சிரிப்பு, அப்புறம் அடங்கிவிட்டார்கள். கருப்பை, சினைமுட்டை பற்றி ஏதாவது கேட்பார்கள் என்று தயாராகப் போயிருந்தேன். கடைசி பெஞ்சுப் பிள்ளை எழுந்து, "அந்தப் பொண்ணு மூணு நாளும் எங்க டீச்சர் படுத்துக்கிச்சு?" என்றாள். அது கட்டில்லதான்மா என்றேன். படத்தை இன்னொரு தடவை போடச் சொன்னார்கள்.