டிமோத்தி வெஸ்டை மேடையில் பார்த்தவர்கள் யாராவது?

பிரிட்டிஷ் நடிகர் டிமோத்தி வெஸ்ட் 2024 நவம்பரில், 90 வயதில் காலமானார். பெயரைச் சொன்னால் நம் ஆட்களில் பலருக்குத் தெரியாது. முகத்தைக் காட்டினால் "அட, இவரா!" என்பார்கள். குணச்சித்திர நடிகர்களுக்கு எந்த ஊரிலும் இதுதான் கதி. நான் ஆரம்பிக்கிறேன், மற்றவர்களும் எழுதுங்கள்.

வேலை விஷயமாக பிரிஸ்டலில் தங்கியிருந்தபோது, 2016 கோடையில், அங்குள்ள ஓல்ட் விக் அரங்கில் ஷேக்ஸ்பியரின் 'கிங் லியர்' நாடகம் பார்த்தேன். 1766இல் திறக்கப்பட்ட அரங்கம், அந்த வருடம் 250ஆவது ஆண்டு. லியராக வெஸ்ட், அப்போது அவருக்கு 81 வயது. கோமாளியாக ஸ்டெஃபனி கோல், அவரும் மூத்தவர்தான். ஆனால் மகள்கள் உட்படப் பெரும்பாலான பாத்திரங்களில் நடித்தது, நடிப்புப் பள்ளியில் படிப்பை முடிக்கும் தறுவாயில் இருந்த மாணவர்கள். இது டிக்கெட் வாங்கிய பிறகுதான் தெரிந்தது. கல்லூரி ஆண்டு விழா மாதிரி ஆகிவிடுமோ என்று கொஞ்சம் பயந்தேன். ஆகவில்லை. சொத்தைப் பிரித்துக் கொடுத்துவிட்டு நிற்கும் கிழவருக்கும், வாங்கிக்கொண்ட பிள்ளைகளுக்கும் நடுவே நிஜமாகவே அறுபது வயது வித்தியாசம். அந்த இடைவெளியை எந்த ஒப்பனையாலும் கொண்டுவர முடியாது.

எல்லோரையும் போல நானும் புயல் காட்சிக்குத்தான் காத்திருந்தேன். மனதில் நின்றது அதற்கு அப்புறம் வருவது. லியர் தூக்கம் தெளிந்து எழுந்து, எதிரே நிற்பது கடைசி மகள்தானா என்று தடுமாறுகிறார். தான் ஒரு மடக் கிழவன், வயது எண்பதைத் தாண்டிவிட்டது என்கிறார். இதே வசனத்தை வெஸ்ட் முதலில் பேசியது 1971இல், முப்பத்தாறு வயதில்! நடுவிலும் இந்த வேடத்தைப் போட்டிருக்கிறார். வசனம் சொல்லும் வயதுக்கு ஆள் வந்து சேர இத்தனை வருடம் ஆகியிருக்கிறது. எனக்குப் பக்கத்தில் இருந்த அம்மா கைக்குட்டையைத் தேடிக்கொண்டிருந்தார். நான் தேடவில்லை என்று சொல்ல மாட்டேன்.

அப்பா லாக்வுட் வெஸ்டும் நடிகர்தான். இருந்தும் மகன் நேராக நடிப்புக்கு வரவில்லை. அலுவலக நாற்காலி மேசை விற்றார், இ.எம்.ஐ. என்ற இசைத்தட்டு நிறுவனத்தில் ஒலிப்பதிவு வேலை பார்த்தார். 1956இல்தான் விம்பிள்டன் அரங்கில் உதவி மேடை நிர்வாகியாகச் சேர்ந்தார். அப்புறம் நம்ம பழைய பாய்ஸ் கம்பெனிக்காரர்கள் மாதிரி ஊர் ஊராகப் போனவர். சுற்றுப்பயணங்களிலிருந்து மனைவிக்கு எழுதிய கடிதங்கள் தனிப் புத்தகமாகவே வந்திருக்கின்றன. சினிமாவில் அவரைத் தேடினால் சின்னச் சின்ன வேடங்கள்தான் கிடைக்கும். ஆளின் முழு உயரம் மேடையில்தான்.

*

அண்ணா, எங்கள் வீட்டில் அவர் 'ஈஸ்ட்எண்டர்ஸ்' டிவி தொடரில் வரும் கிழவன்! நாங்கள் லண்டன் ஹாரோவில் இருக்கிறோம். 2014இல் ஸ்டான் கார்ட்டராக வந்தார், அடுத்த வருடம் அந்தப் பாத்திரம் புற்றுநோயில் செத்துப்போகும். அம்மம்மாவுக்கு இங்கிலீஷ் மட்டுமட்டு. ஆனால் அவர் வரும் காட்சி என்றால் எங்களை வாய் திறக்க விடமாட்டா. "இந்த மனிசன் பொய் சொல்லுது, முகத்தைப் பார்" என்பா. பெரும்பாலும் சரியாகத்தான் இருக்கும். ஷேக்ஸ்பியர் எல்லாம் நடித்தவர் என்று நான் சொன்னபோது அவ நம்பவில்லை.

*

நான் முதியோர் இல்லத்தில் வேலை பார்ப்பவள். எனக்கு அவரைத் தெரிந்தது நடிகராக இல்லை, படகோட்டியாக. 2014இல் சேனல் 4இல் தொடங்கிய கால்வாய்ப் பயண நிகழ்ச்சி. அவரும் மனைவி ப்ரூனெல்லா ஸ்கேல்ஸும் ஒரு நீளமான ஒல்லிப் படகில் போவார்கள். ஸ்கேல்ஸ் யார் என்று கேட்பவர்களுக்கு: 'ஃபால்டி டவர்ஸ்' என்ற நகைச்சுவைத் தொடரில் சிபிலாக நடித்தவர். முதல் பயணம் கென்னெட் - ஏவன் கால்வாயில். டிவைசஸ் ஊர்ப் பக்கம் 29 மதகுப்பூட்டுகள் (படகை ஏற்றி இறக்கும், கதவு வைத்த தண்ணீர்த் தொட்டிகள்) அடுத்தடுத்து வரும் கால்வாய் அது. ஒவ்வொன்றிலும் தண்ணீர் மட்டம் சமமாகும்வரை காத்திருந்து, கதவைத் திறந்துதான் போக வேண்டும். பிறகு வெளிநாடுகளுக்கும் போனார்கள், கேரளத்துக் காயல் வரைக்கும்.

அந்த அம்மாவுக்கு மறதி நோய். அதை அவர்கள் மறைக்கவில்லை. அதற்காக கேமரா முன்னால் அழுது வடியவும் இல்லை. நோயாளியின் கணவர்கள் பலரைத் தினமும் பார்க்கிறேன். முக்கால்வாசிப் பேர் மனைவிக்குப் பதிலாகத் தாங்களே பதில் சொல்லிவிடுவார்கள். இவர் காத்திருப்பார். மனைவியே வாக்கியத்தை முடிக்கட்டும் என்று விட்டுவிடுவார். எங்கள் பயிற்சி வகுப்பில் சொல்லித் தந்ததைவிட இதைப் பார்த்து நான் கற்றது அதிகம். 1963இல் கல்யாணம் செய்துகொண்டவர்கள். அவர் போய் ஒரு வருடம் முடிவதற்குள், 2025 அக்டோபரில், அந்த அம்மாவும் போய்விட்டார்.

*

அவர் மேடைக்காரர்தான், ஒப்புக்கொள்கிறேன். ஆனால் டிவியை இப்படி ஓரம் கட்டக் கூடாது சார். 1975இல் வந்த 'எட்வர்ட் தி செவன்த்' தொடரில் அரசர் இவர்தான். எண்பதுகளில் 'பிராஸ்' என்ற நையாண்டித் தொடரில் ஈவிரக்கமில்லாத ஆலை முதலாளி. ராஜ களையும் கோமாளித்தனமும் ஒரே முகத்தில் உட்காருவது லேசில் நடக்காது. மகன் சாமுவேல் வெஸ்டும் நடிகர். 2001இல் வந்த 'ஐரிஸ்' படத்தில் மோரிஸ் என்ற ஒரே பாத்திரத்துக்கு இளமையில் மகன், முதுமையில் அப்பா. ஜாடைக்காக வேறு ஆளைத் தேட வேண்டிய அவசியமே இல்லை.

*

நான் அவரைப் பார்த்ததைவிடக் கேட்டதுதான் அதிகம். ராத்திரி ஷிஃப்டில் லாரி ஓட்டுகிறேன். ஆண்டனி டிரோலப் என்ற பழைய ஆங்கில எழுத்தாளரின் பார்செட்ஷயர் நாவல்களை ஒலிப்புத்தகமாக வாசித்தவர் இவர். பாதிரியார்களும் பதவிச் சண்டையுமாகப் போகும் கதை; புத்தகமாகக் கையில் எடுத்திருந்தால் பத்துப் பக்கம் தாண்டியிருக்க மாட்டேன். பிஷப்பின் மனைவி பேசும்போது குரலைப் பெண் குரலாக மாற்றிக் கூத்தடிக்கவில்லை. பேச்சு கொஞ்சம் இறுகும், அவ்வளவுதான். யார் பேசுகிறார்கள் என்று ஒரு தடவைகூடக் குழம்பியதில்லை. தொடங்குவதானால் 'தி வார்டன்' முதலில், சின்னது. அது பிடித்திருந்தால் 'பார்செஸ்டர் டவர்ஸ்'.