மூக்கு நுனியில் இலை மாதிரி இருக்கிற ஓணான், இலங்கையின் நக்கிள்ஸ் மலையில் பார்த்தேன்

மலைக்காற்று:
போன வாரம் ரங்கல பக்கம் மாமா வீட்டுக்குப் போயிருந்தோம். காலையில் பனி விலகாத நேரம், கைவிட்ட ஏலத்தோட்டத்து ஓரத்தில் இடுப்பு உயரத்துக்கு ஒரு மெல்லிய தண்டு, அதில் ஓர் ஓணான் ஒட்டிக்கொண்டிருந்தது. மூக்கு நுனியில் சின்ன இலையைச் செருகிவிட்ட மாதிரி தட்டையான சதை. கிட்டப் போயும் ஓடவில்லை, கண்ணை மட்டும் உருட்டியது. இது என்ன? படத்தை இடத்தின் பெயரோடு முகநூலில் போடலாம் என்றிருக்கிறேன்.

காட்டுவழி:
அறிவியல் பெயர் செரட்டோபோரா டெனன்டி. சிங்களத்தில் பெத்தி அங் கட்டுஸ்ஸா என்பார்கள். உலகத்திலேயே நக்கிள்ஸ் மலைகளில் மட்டும்தான் இருக்கிறது, சிவப்புப் பட்டியலில் அழியும் ஆபத்தில் உள்ள இனம். தயவுசெய்து இடத்தைப் போடாதீர்கள்! அது ஓடாது என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள், பிடிக்க வருகிறவனுக்கு அதைவிட என்ன வேண்டும்? ஊர்வன வளர்ப்பவர்களுக்காக இவற்றைக் கடத்தி வெளிநாட்டில் விற்கிறார்கள். நம் நாட்டுச் சட்டப்படி பிடிப்பதும் ஏற்றுமதி செய்வதும் குற்றம், ஆனால் எல்லை தாண்டிவிட்டால் அங்கே விற்பதைத் தடுக்கப் பல நாடுகளில் வழியே இல்லாமல் இருந்தது. 2019இல் ஜெனிவாவில் நடந்த சைட்டிஸ் (அழியும் ஆபத்தில் உள்ள உயிரினங்களின் பன்னாட்டு வியாபாரத்தைக் கட்டுப்படுத்தும் ஒப்பந்தம்) மாநாட்டில்தான் இதை முதலாம் பின்னிணைப்பில் சேர்த்தார்கள், அதாவது காட்டில் பிடித்ததை வைத்து நாடுகளுக்கிடையே வியாபாரம் செய்யக்கூடாது. காரு, எர்டெலன் என்ற கொம்பு ஓணான் இனங்கள் இரண்டும் அதே பின்னிணைப்பில் உண்டு, அவை இதைவிட மோசமான நிலையில் இருக்கின்றன.

ஏலக்காட்டுப் பிள்ளை:
கடத்தல் சரி, காட்டையும் பாருங்கள். எங்கள் அப்பா ஏலத்தில் வேலை செய்தவர். மேலே பெரிய மரங்களை நிழலுக்கு விட்டுவிட்டு, கீழே பற்றை, மரக்கன்று எல்லாவற்றையும் வெட்டித்தான் ஏலம் நடுவார்கள். தூரத்திலிருந்து பார்த்தால் காடு அப்படியே நிற்கிற மாதிரித் தெரியும், ஆனால் கிழமரம் விழுந்தால் அந்த இடத்துக்கு வர இளமரம் இருக்காது. அப்புறம் ஏலத்தை உலர்த்த விறகும் அங்கேயிருந்துதான் போனது. இந்த ஓணானுக்கு ஈரமும் நிழலும் வேண்டும், அடிக்காடு போனால் அது எங்கே போகும்?

மலைக்காற்று:
நல்ல வேளை கேட்டேன். படத்தை மட்டும் போடுகிறேன், ஊர்ப் பெயர் இல்லாமல். போன் தானாகப் படத்தோடு இடத்தையும் சேர்க்கிறதாமே, அதை அழிக்க எந்த செட்டிங்கில் போக வேண்டும்?

காட்டுவழி:
கேமராவின் செட்டிங்கில் லொகேஷனை ஆஃப் செய்யுங்கள். ஏற்கெனவே எடுத்த படத்துக்கு ஸ்கிரீன்ஷாட் எடுத்து அதைப் போட்டால் போதும். பின்னணியில் மைல்கல், பெயர்ப்பலகை ஏதும் தெரிகிறதா என்றும் ஒரு தடவை பாருங்கள்.