புதுப்பிப்பு: அந்தப் பேசாப் படத்துச் சிறுவன் ஏன் மை அரைத்துக்கொண்டே இருக்கிறான்?

போன மாதம் ஒரு பழைய ஜப்பானியப் பேசாப் படம் பற்றி எழுதியிருந்தேன், நினைவிருக்கும். குருவிடம் ஓவியம் கற்க வந்த சிறுவன் மை அரைக்கிறான், பழைய ஓவியங்களை நகலெடுக்கிறான், அவ்வளவுதான். இது பயிற்சியா தண்டனையா என்று கேட்டிருந்தேன். காட்சிகளுக்கு நடுவே வரும் வசன அட்டைகள் குறைவு என்றும் குறைப்பட்டிருந்தேன்.

அட்டை விஷயம் என் தவறு. அன்றைய ஜப்பானியத் திரையரங்குகளில் பென்ஷி என்ற கதைசொல்லி திரைக்குப் பக்கத்தில் இருந்து எல்லாப் பாத்திரங்களுக்கும் குரல் கொடுப்பார். நான் பார்த்தது பாதிப் படம்தான்.

அப்புறம் மை. புகைக்கரியும் விலங்குப் பசையும் சேர்த்துச் செய்த மைக்கட்டி ஒன்று வாங்கி, கல்லில் சில சொட்டுத் தண்ணீர் விட்டு நானே அரைத்துப் பார்த்தேன். அவசரப்பட்டு அழுத்தினால் மை கரடுமுரடாகிறது, மெதுவாகச் சுற்றினால்தான் வழவழப்பாக வருகிறது, அதற்குள் கை தானாக அடங்கிவிடுகிறது.

நகலெடுப்பதும் அப்படித்தான். கானோ என்ற பழைய ஜப்பானிய ஓவிய மரபில் குருவின் மாதிரிப் படங்களை வருடக்கணக்கில் நகலெடுத்துத்தான் கற்றார்கள். 1831இல் பிறந்த ஜப்பானிய ஓவியர் கவனாபே கியோசாய் சிறுவயதில் உக்கியோ-எ என்ற மரஅச்சுப் பட வகையின் ஓவியர் குனியோஷியிடம் கொஞ்ச காலம் இருந்துவிட்டு, பிறகு கானோ மரபில் இப்படித்தான் பயின்றார். அவருடைய தவளைகளையும் காகங்களையும் பாருங்கள், அந்தக் கோடுகளில் எங்கேயாவது கட்டுப்பெட்டித்தனம் தெரிகிறதா?

பென்ஷி குரலோடு ஒரு பிரதி கிடைத்திருக்கிறது. ஞாயிற்றுக்கிழமை மறுபடி பார்க்கிறேன்.