பீங்கான் டீபாட்டுக்குள் கோடு கோடாக விழுந்திருக்கிறது, பயன்படுத்தலாமா? (அவசரம்)

தூறல்: வணக்கம். டீபாட் உள்ளே மெல்லிய கோடுகள், பழுப்பு வேறு ஏறிவிட்டது. சாயங்காலம் விருந்தாளிகள் வருகிறார்கள். இதிலேயே கொடுக்கலாமா கூடாதா?

மண்குதிரை: ஒழுகுகிறதா? கோடு வெளியிலும் தெரிகிறதா? எந்த வகைப் பீங்கான்?

வெயிலான்: சில்லென்றிருந்த டீபாட்டில் கொதிநீரை அப்படியே ஊற்றியிருப்பீர்கள், அதுதான். உள்பக்கம் சட்டென்று விரியும், வெளிப்பக்கம் குளிர்ந்தே நிற்கும், விரிசல் விடாமல் என்ன செய்யும்? முதலில் கொஞ்சம் வெந்நீர் விட்டு அலசிக் கொட்டிவிட்டு அப்புறம் ஊற்ற வேண்டும்.

சூளைக்காரன்: இதே கேள்வி அடிக்கடி வருகிறது, பழைய பதிவுகளைத் தேடிப் பார்க்கத்தான் யாருக்கும் பொறுமை இல்லை. வலை பின்னியது மாதிரி இருந்தால் அது மேல்பூச்சின் வெடிப்பு. ஆறும்போது பூச்சு, அடியிலுள்ள களிமண்ணைவிட அதிகம் சுருங்கப் பார்த்தால் இழுபட்டு வெடிக்கும், வாங்கிப் பல காலம் கழித்தும் வரும். ஒற்றைக் கோடு உள்ளிருந்து வெளிவரை ஓடினால்தான் ஆபத்து. மூடியை எடுத்துவிட்டு விரலால் சுண்டுங்கள். கணீரென்றால் சரி, மொத்தென்றால் தூக்கிப் போடுங்கள்.

மண்குதிரை: எல்லாவற்றுக்கும் அது பொருந்தாதே. 1,200 டிகிரி செல்சியஸுக்குக் கீழே சுட்ட மண்வகை (தண்ணீரை உறிஞ்சும் மண்பாண்டம்) நன்றாக இருந்தாலும் மந்தமாகத்தான் ஒலிக்கும்.

சூளைக்காரன்: தெரியும். ஆரம்பநிலை ஆட்களுக்கு எளிமையாகச் சொன்னேன்.

தூறல்: ஒழுகவில்லை. டீ ஆறினால் கேஸில் சிறு தீயில் வைப்போம், எப்போதும் அப்படித்தான்.

வெயிலான்: இதை முதலிலேயே சொல்லக் கூடாதா! நேரடித் தீயில் அடிப்பாகம் மட்டும் சூடேறும், ஒருநாள் அடி கழன்று கொதிக்கிற டீ யார் மடியிலாவது கொட்டும். இன்றைக்கு வேண்டாம்.

கற்கண்டு: பழுப்புக்குச் சமையல் சோடாவை ஈரத் துணியில் தொட்டுத் தேயுங்கள். பிளீச் வேண்டவே வேண்டாம், வெடிப்பு வழியாக உள்ளே இறங்கிவிடும். சோப்பும் கூடாது.

மண்குதிரை: சோப்பு ஏன் கூடாது? அந்த விதி பூச்சில்லாத களிமண் டீபாட்டுக்கு. அது வாசனையை உறிஞ்சும்.

கற்கண்டு: பூச்சு வெடித்துவிட்டதே, இதுவும் உறிஞ்சத்தானே செய்யும்?

சூளைக்காரன்: நன்றாகக் கெட்டியாகச் சுட்டிருந்தால் உறிஞ்சாது. அடிப்படை.

கற்கண்டு: இவருடையது எப்படிச் சுட்டது என்று உங்களுக்கு எப்படித் தெரியும்?

தூறல்: சுண்டினேன், மந்தமாகத்தான் கேட்டது. ஃபிளாஸ்க்கில் ஊற்றிக் கொடுத்துவிட்டேன். நன்றி.

மண்குதிரை: அடியில் பூச்சில்லாத விளிம்பில் ஒரு சொட்டுத் தண்ணீர் வைத்துப் பாருங்கள், உறிஞ்சினால் மண்வகை.

மண்குதிரை: தூறல், பார்த்தீர்களா?

கற்கண்டு: சோப்பு விஷயத்துக்கு இன்னும் யாரும் பதில் சொல்லவில்லை.